ரிஷபத்துக்குப் பயணம் வேண்டாம்

காலண்டர் சீசன் முடிந்ததும், சிவகாசி அச்சகம் ஒன்றில் வேலை பார்க்கும் நாங்கள் நாலு பேரும் ஆனைக்குட்டத்தில் ஒரு தோட்டத்தில் கூடுவோம். எங்கள் விளையாட்டுக்கு, கழிவில் போன தினசரி காலண்டர் ஒன்று போதும். கண்ணை மூடிக்கொண்டு ஒரு தாளைக் கிழிக்க வேண்டும். நம் ராசிக்கு லாபம், நட்பு என்று இருந்தால் தப்பித்தோம். பயம், நஷ்டம் என்றால் ஒரு மடக்கு குடிக்க வேண்டும். குடிப்பழக்கம் இல்லாத மாரியப்பன்தான் பலனை வாசிப்பான்.

ஒரு தடவை எனக்கு வரிசையாக நஷ்டம். பொழுது சாயும்போது எழுந்து பைக் சாவியைத் தேடினேன். பட்டாசு கம்பெனி வேனில் வந்து இறங்கும் என் மனைவியை நான்தான் தினமும் வீட்டுக்குக் கூட்டிப் போவேன்.

மாரியப்பன் தடுக்கவில்லை. "கடைசியா ஒரு தாளு கிழிச்சிட்டுப் போலே" என்றான். கிழித்துக் கொடுத்தேன். "ரிஷபம், பயணம் வேண்டாம்" என்று நிதானமாக வாசித்தான். நான் அங்கே கிடந்த கட்டிலில் படுத்துவிட்டேன். அவனே போய் அவளை வீட்டில் விட்டு வந்தான்.

மறுநாள் மிஷினில் நிற்கும்போதுதான் உறைத்தது. ஒரு ராசிக்கு ஒரு வார்த்தைதான் போடுவோம்; அவன் வாசித்தது இரண்டு. வருஷா வருஷம் அதை அச்சடிக்கிற நானே ஏமாந்திருக்கிறேன்.

மாரியப்பனிடம் கேட்டதற்கு, "குடிச்சவன்கிட்ட புத்தி சொன்னா கேப்பானாலே? ராசிபலன்னா கேப்பான்" என்றான். மற்றவர்கள் முன்னால் என்னைச் சிறுமைப்படுத்தாமலே படுக்க வைத்துவிட்டான்.

இப்போது தோட்டத்துக்குள் நுழைந்ததும் சாவியை அவனிடம் கொடுத்துவிடுகிறேன். எனக்கு எந்தப் பலன் வந்தாலும், சாவியை அவன் திருப்பித் தருவது மறுநாள் காலையில்தான்.