ஒன்பதாவது ஆள்

உதடுகளுக்கிடையே ஐந்து குண்டூசிகளைக் கவ்விக்கொண்டு மணப்பெண்ணின் காலடியில் குந்தியிருக்கிறார் டொலறஸ் அக்கா. "அசையாதை பிள்ளை. கொய்யகம் குலைஞ்சால் திரும்ப முதலிலை இருந்து கட்டோணும். எனக்கு ஏலாது." சேலையின் முன்மடிப்பைத்தான் கொய்யகம் என்கிறார். ஊசியோடு பேசுவதால் எல்லாமே முணுமுணுப்பாகத்தான் வரும்.

லண்டனிலிருந்து காரில் ஒன்றரை மணி நேரம் ஓடினால், வயல்களுக்கு நடுவே, ஓர் ஓடையின் மேல் கூரை போட்ட பழைய மரப்பாலம் வரும். கோயிலில் கலியாணம் முடிந்து அங்கே போய்ப் படம் எடுக்காவிட்டால், நம் சனத்துக்குத் தாலி கட்டியதாகவே கணக்கில்லை. மரம் உளுத்துவிட்டது, ஒரே நேரத்தில் எட்டுப் பேர் மட்டும் என்று வாசலில் எழுதிப் போட்டிருக்கிறார்கள். மாப்பிள்ளை, பெண், இரண்டு தோழிகள், ஒரு தோழன், படக்காரன் யனுஷன், விளக்குப் பிடிப்பவன், வீடியோ எடுக்கும் நான். சேலை சரியானதும் அக்கா எண்ணுவார். "ஆறு, ஏழு, எட்டு. நான் வெளியிலை." கூரைக்கு அப்பால் மழையில் போய் நிற்பார்.

அக்காவின் வீடு தெற்கு லண்டனில், மோர்டனில். கிழமை நாட்களில் விடிய நாலரைக்கு அலுவலகம் துப்புரவாக்கும் ஷிப்ட். சனிக்கிழமை சேலை. இதுவரை முந்நூறு பெண்களுக்குக் கட்டிவிட்டிருப்பார். முழங்கால் எப்படி என்று கேட்டால், "எனக்கும் இந்தப் பாலத்துக்கும் ஒரே வயசு தம்பி. ஆராவது ஏறினால் கிறீச்சிடும்" என்பார். அந்த முந்நூறு ஆல்பங்களில் ஒன்றில்கூட அவர் இல்லை. அவர் படத்துக்குள் விழாமல் பார்த்துக்கொள்வதும் என் வேலையில் ஒரு பகுதி. சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது.

போன சனிக்கிழமை அவருடைய ஒரே மகள் ஷெறோனின் முறை. தகப்பனை இழந்த பெண். "அண்ணா, ப்ளீஸ். அம்மாவோட ஒரு போட்டோ, அந்த பிரிட்ஜில. ஜஸ்ட் வன்" என்று ஒரு மாதமாக எனக்குச் சொல்லிக்கொண்டே இருந்தாள்.

அன்றும் மழை. அக்கா மகளின் மடிப்பை நீவிவிட்டார், எண்ணினார், வழக்கம்போல வெளியே நடந்தார்.

"அம்மா! கம் பக். நீங்க வராட்டி நான் நிக்க மாட்டன்."

"ஒன்பதாகும் பிள்ளை. பாலம் தாங்காது."

நான் கமெராவைத் தூக்கிக்கொண்டு மழைக்குள் இறங்கினேன். "இப்ப எட்டுத்தான் அக்கா. போங்கோ."

அவர் என்னை முறைத்தார். பிறகு போய், கைகளை எங்கே வைப்பதென்று தெரியாமல் மகளுக்குப் பக்கத்தில் நின்றார்.

"அன்ரி, ஊசியை எடுத்திட்டுக் கொஞ்சம் சிரியுங்கோ" என்றான் யனுஷன்.

ஒவ்வொன்றாக எடுத்துத் தன் சேலைத் தலைப்பில் குத்திக்கொண்டார். நாலு ஊசி போயிற்று. ஐந்தாவதில் கை நின்றது. குனிந்து மகளின் கொய்யகத்தை ஒருமுறை பார்த்தார். அந்த ஒன்றை உதட்டிலேயே விட்டுவிட்டு, கமெராவை நோக்கி நிமிர்ந்தார்.