தை அமாவாசையும் கறுப்புத் தொப்பிக் குருவியும்

காகம் சோறெடுக்காமல் நான் விரதம் முடிப்பதில்லை. தந்தையார் சிவபதமடைந்த நாள்முதல் அமாவாசைதோறும் காத்துவந்த இந்நெறிக்கு, எண்பதுகளில் அகதியாக வந்திறங்கிய முதற் குளிர்காலமே சோதனையாக வாய்த்தது. மொன்ட்ரியால் வீட்டுப் பின்புறப் பால்கனியில் பனியைக் கையால் விலக்கி, வாழையிலைக்கு ஈடாகக் கடதாசித் தட்டொன்றில் சோறும் பருப்பும் வடையும் படைத்து, கதவிடுக்கில் நின்று "கா, கா" என்றழைத்தேன். தேவாரம் பாடிப் பழகிய தொண்டை. தெரு முழுதும் கேட்டிருக்கும். காகந்தான் வரவில்லை. சோறு கல்லாயிற்று.

"காகத்துக்கு விசா கிடைக்கேல்லைப் போல," என்றாள் மனைவி. "மருந்து குடிக்கிற உடம்பு. நீங்கள் சாப்பிடுங்கோ."

"காகம் எடுக்காமல் எப்பிடியப்பா?"

அடுத்த பால்கனியிலிருந்த பிரெஞ்சுக்கார மூதாட்டி, பறவைக்கு உணவிடத் தெரியாமல் நான் தவிப்பதாக எண்ணி இரங்கியிருக்க வேண்டும். "பொன்ஜூர்" என்றபடி வந்து, வெங்காய வலைப்பையில் ஒரு வெள்ளைக் கட்டியை இட்டு எங்கள் பால்கனிக் கம்பியிலேயே கட்டிவிட்டுத் தம் பக்கம் திரும்பினார். சற்று நேரத்தில் தலையில் கறுப்புத் தொப்பி வைத்தாற்போன்ற சின்னஞ்சிறு குருவியொன்று வந்து அதனைக் கொத்தத் தொடங்கியது.

"மாமா வந்திட்டார்!" என்றாள் மனைவி. "காகம் குளிருக்குச் சுருங்கிப்போச்சு. தலையிலை கறுப்பு இருக்குத்தானே? வாங்கோ சாப்பிட."

பசி உடனே இசைந்தது. ஆயினும் ஐயந்தீர, அக்கட்டி யாதென்று மூதாட்டியிடம் சைகையால் வினவினேன். அவர் இரு விரல்களைத் தலைமேல் கொம்பாக நிறுத்தி, "மூ..." என்றார்.

மச்ச மாமிசம் சமைத்த வீட்டில் தண்ணீரும் அருந்தாத சைவர் என் தந்தையார்.

"உது மாமா எண்டால் மாட்டுக் கொழுப்புத் தின்னுறார். மாமா இல்லையெண்டால் நீங்கள் பட்டினி. எது வசதி?" மனைவி சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டாள்.

கற்ற சித்தாந்தத்தை ஒருபுறம் வைத்தேன். அடுக்களைக்குச் சென்று கச்சான் கடலையை இடித்து, நெய்யில் பிசைந்து உருண்டை பிடித்தேன். மூதாட்டி உள்ளே போனதும் வலைப்பையை அவர் பக்கக் கம்பிக்கு மாற்றிக் கட்டிவிட்டு, உருண்டையைச் சோற்றின்மேல் வைத்தேன். குருவி திரும்பி வந்தது. தலையை இப்புறமும் அப்புறமும் சாய்த்து ஆராய்ந்தது. எந்தக் குருநாதர் முன்னும் நான் அத்தனை பணிவோடு நின்றதில்லை. கடைசியில் ஒரு துணுக்கைக் கவ்விப் பறந்தது.

"காகமோ, குருவியோ?" என்று கேட்டவாறே மனைவி சோற்றுக் கோப்பையை எடுத்தாள்.

"கதையாமல் சோற்றைப் போடும்," என்றேன். "வடையும் ரெண்டு வையும்."