போன் திறக்கும் முன் சரோஜா கேட்ட கேள்வி

சிங்கப்பூர் தேக்காவில் கைத்தொலைபேசிக் கடை வைத்திருந்த சரோஜா காலமான செய்தி, ஞாயிறு பூசை முடிந்து வெளியே வந்தபோது எனக்குக் கிடைத்தது. கூடவே ஒரு பொய்யும் வந்தது: அவர் திருட்டுப் போன்களையும் திறந்து கொடுத்தாராம். முதலில் அதைத் திருத்திவிடுகிறேன். அவர்மீது எனக்கு அன்பு இருந்ததில்லை. ஆகவே என் சொல்லை நம்பலாம்.

பழைய ஆண்ட்ராய்டு போன்களின் பூட்டில் ஓட்டைகள் உண்டு. அவசர அழைப்புத் திரையில் எழுத்துகளை அளவுக்கு மீறித் திணித்தால், சிலவற்றில் பூட்டே சரிந்துவிடுமாம். அதையெல்லாம் அறிந்தவர் சரோஜா. ஆனால் போனைத் தொடுவதற்கு முன், பூட்டுக்கு உள்ளே முகப்பில் என்ன படம் இருக்கும் என்று கொண்டுவந்தவரிடம் கேட்பார். சொன்னது பொருந்தாவிட்டால் மறுபடி பூட்டிவிடுவார்.

என் கணவர் பணி ஓய்வு பெற்றபின் சனிக்கிழமைதோறும் ஈசூனிலுள்ள எங்கள் வீட்டிலிருந்து தேக்காவுக்கு மீன் வாங்கப் போவார். திரும்ப மதியம் தாண்டிவிடும். ஒருமுறை தேடிப் போனேன். சரோஜாவின் கடையில் என் கணவர் முக்காலி போட்டு உட்கார்ந்து, கிராஞ்சி விடுதியில் தங்கியிருக்கும் வெளிநாட்டுத் தொழிலாளர்களின் பழைய போன்களைத் திறந்துகொண்டிருந்தார். அவருடைய சிரிப்பு நடைபாதைவரை கேட்டது. வீட்டில் அவர் அப்படிச் சிரித்ததில்லை.

"வாங்கக்கா, கோப்பி சொல்லட்டா?" என்றார் சரோஜா.

"மீன் கெட்டுப் போயிடும்," என்றேன்.

கணவர் இறந்தபின் அவருடைய போன் பூட்டியே கிடந்தது. வேறு வழியின்றி சரோஜாவிடம் போனேன்.

"உள்ள என்ன படம்க்கா?"

"நான் அவரோட மனைவி."

"எல்லாருக்கும் ஒரே ரூல்தான் லா."

"எங்க கல்யாணப் படம்," என்றேன்.

போன் திறந்தது. முகப்பில் சரோஜாவின் கடை மேசை: பிரித்துப்போட்ட போன்கள், இரண்டு கோப்பிக் குவளைகள். சரோஜா திரையைப் பார்த்தார், என்னைப் பார்க்கவில்லை. வழக்கப்படி பூட்டியிருக்க வேண்டும்.

"அண்ணன் போன்தான்க்கா. எனக்குத் தெரியும்," என்று என் கையில் வைத்தார்.

என் கணவரின் பொருளுக்கு என் சொல் போதவில்லை; சரோஜா சாட்சி சொல்ல வேண்டியிருந்தது. அதை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

சரோஜா குடியிருந்த அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில் அவர் உடலைக் கிடத்தியிருந்தார்கள். கிராஞ்சியிலிருந்து லாரியில் வந்தவர்கள், சட்டைப் பையில் போனோடு, வரிசையாக நின்று கும்பிட்டார்கள். நானும் அந்த வரிசையில் நின்றேன். போய் வாருங்கள், சரோஜா. நீங்கள் நேர்மையானவர்.

இப்போது கடையை நடத்தும் அவருடைய தங்கைக்கு: அந்த மேசையில் என் கணவர் என்னைப் பற்றி எப்போதாவது பேசியதுண்டா? போனில் அழைக்க வேண்டாம். எழுதி அனுப்புங்கள். இல்லை என்றாலும் எழுதுங்கள்.