ஒரு பல்லும் தூக்குவாளிப் பாலும்

எங்கள் அண்ணனை ஃப்ரீமான்ட்டில் எல்லோருக்கும் பல் டாக்டராகத்தான் தெரியும். அதற்கு முன் அவர் அமெரிக்கன் ஃபுட்பால் ஆடியவர் என்றால், "நம்ம ஆளா?" என்று இன்றும் வாயைப் பிளக்கிறார்கள். நம்ம ஆளேதான். கோவில்பட்டியில் பிறந்து, நான்கு வயதில் இங்கே அமெரிக்கா வந்தவர். அவர் பள்ளி அணியில் சேர்ந்தபோது அந்த மைதானத்தில் வேறு தமிழ்ப் பிள்ளையே கிடையாது.

வீட்டில் கணக்கு டியூஷன் என்று சொல்லிவிட்டுப் போவார். காட்டிக் கொடுத்தவள் நான்தான். எனக்கு ஒன்பது வயது. முறுக்கில் பங்கு தரவில்லை என்ற கோபம்.

அம்மா என்னையும் இழுத்துக்கொண்டு, எனக்கான சாயங்காலப் பாலைத் தூக்குவாளியில் எடுத்துக்கொண்டு நேரே மைதானத்துக்குப் போனார். நாங்கள் போய் நின்ற நேரம், பந்தைக் கையில் அணைத்து ஓடிய அண்ணனை மறிக்க எதிரணியில் ஐந்து பேர் அவர் மேல் விழுந்தார்கள். "டேய், என் புள்ளைய விடுங்கடா!" என்று சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு அம்மா உள்ளே ஓடினார். ஆட்டமே நின்றுவிட்டது. ஹெல்மெட் கழன்று, அண்ணனின் முன்பல் ஒன்று புல்லில் கிடந்தது. விழுந்த பல்லைக் கூரைமேல் எறிந்தால் மறுபடி முளைக்கும் என்பது எங்கள் ஊர் வழக்கம். பதினேழு வயதில் முளைக்காது என்று அந்தப் பதற்றத்தில் யாருக்குத் தோன்றும்? வீடு போகும்வரை தொலையாமல் இருக்கட்டும் என்று, ஆறிப்போன பாலில் அம்மா அதைப் போட்டு மூடினார்.

கோச் எங்களை நேரே ஒரு பல் டாக்டரிடம் கூட்டிப் போனார். அவர் அசந்துபோனார். பாலில் இருந்ததால்தான் பல் பிழைத்தது, திரும்பப் பொருத்திவிடலாம் என்றார். அம்மா கூரை விஷயத்தைப் பற்றி மூச்சுவிடவில்லை. எல்லாம் தெரிந்தவர்போல் நின்றார்.

பல் பிழைத்தது, ஆட்டம் பிழைக்கவில்லை. "இனிமே அந்தப் பக்கம் போனே, காலை ஒடிச்சிருவேன்!" என்றார் அம்மா. அண்ணன் சரியாகச் சாப்பிடவில்லை. என்னோடு ஒரு மாதம் பேசவில்லை. கடைசியில் அம்மாதான் இறங்கி வந்தார். "ஆடிக்கோ. ஆனா நானும் தூக்குவாளியோட வந்து உக்காருவேன்." கல்லூரி முடியும்வரை உள்ளூர் ஆட்டம் ஒவ்வொன்றிலும் அம்மா அப்படியே உட்கார்ந்திருந்தார்.

அந்த டாக்டரின் கைவேலையைப் பார்த்துத்தான் அண்ணன் பல் மருத்துவம் படித்தார். அவ்வளவு பெரிய கை, வாய்க்குள் போனால் பூப்போல இருக்கும். ஒவ்வொரு சீசனிலும் பள்ளி விளையாட்டுப் பிள்ளைகளுக்குத் தானே பல் கவசம் செய்து கொடுத்தார். பிடிவாதத்துக்கும் குறைவில்லை, தீபாவளிக்குக்கூடப் பல்லைப் பார்த்துவிட்டுத்தான் லட்டு தருவார்!

அண்ணன் நோயில் படுத்த எட்டு மாதமும் அண்ணியோடு துணை நின்ற செவிலியருக்கும், கிளினிக் ஊழியருக்கும், முறை போட்டுச் சாப்பாடு கொண்டுவந்த நண்பர்களுக்கும் எங்கள் குடும்பம் என்றும் கடமைப்பட்டிருக்கிறது.

கடைசி வாரம் அவரிடம் கேட்டேவிட்டேன். "அண்ணே, அன்னைக்கு நான் சொல்லியிருக்கக் கூடாதுல்ல?"

"போடி லூசு. நீ சொல்லலைன்னா பால் எப்படி வந்திருக்கும்?" என்று அந்தப் பல் தெரியச் சிரித்தார்.

மூன்றாம் நாள், நேரம் நெருங்கிவிட்டது, வாயில் பால் ஊற்றுங்கள் என்றார்கள் பெரியவர்கள். அண்ணி டம்ளரை எடுத்தார். எண்பத்து மூன்று வயது அம்மா வேண்டாம் என்று கையாட்டிவிட்டு, சமையலறைக்குள் போய் அந்தத் தூக்குவாளியில் பால் எடுத்து வந்தார். ஒரு கரண்டிப் பால் ஊற்றினார்.

"குடி ராசா. அம்மா வந்துட்டேன்."