பதினாறு மணி நேரச் சுவர்

புக்கோவினா மலையோரத்தில் நாற்பது வீடுகளுக்குக் குளிர்காயச் செங்கல் கணப்பு கட்டியவள் வர்வாரா. ஒன்றில்கூடப் புகை வீட்டுக்குள் திரும்பியதில்லை. அப்படிப்பட்டவளைத்தான் ஊர் 'புனிதர்களைக் குளிர்காய வைத்தவள்' என்று கேலி செய்தது.

வீடுகளில் அவள் கணப்புக்கு வைத்த சுவர் ஒரு செங்கல் அகலம். தீ மூட்டினால் நாலு மணி நேரத்தில் வெளிப்புறம் சுட்டு, அறை கதகதப்பாகும். தேவாலயம் பெரியதாயிற்றே என்று அங்கே கட்டிய கணப்புக்கு இரண்டு மடங்கு தடிமன் வைத்தாள். எட்டு மணி நேரம் பிடிக்கும் என்று கணக்குப் போட்டு, ஞாயிறு ஒன்பது மணிப் பூசைக்கு இரவு ஒரு மணிக்கே மூட்டச் சொன்னாள். பூசை முடியும்வரை எல்லோரும் ஆட்டுத்தோல் கோட்டுக்குள் நடுங்கினார்கள். கணப்புச் சுவர் சுட்டது மாலை ஐந்துக்கு. அப்போது உள்ளே இருந்தவர்கள் தேவாலயச் சுவர்களில் ஓவியமாகத் தீட்டிய புனிதர்கள் மட்டும்.

"இடிச்சுத் தள்ளிடலாம் சாமி," என்றார் மணியடிக்கும் இலாரியே.

பாதிரியார் ஒரு வாரம் பொறுக்கச் சொன்னார்.

வர்வாரா அழவில்லை, அவளுக்குக் கோபம்தான் வந்தது. சூடான இரும்புத் தகட்டில் செங்கல்லை வைத்து, பக்கங்களைச் சாம்பலால் மூடி, மேலே உள்ளங்கையை வைத்துப் பார்த்தாள். படுக்கவைத்தால் ஒரு மணி நேரம். ஒருக்களித்து வைத்தால், இரண்டு மடங்கு உயரத்துக்கு, நாலு மணி நேரம்! அப்போதுதான் புரிந்தது. இரண்டு மடங்கு செங்கல்லைச் சூடாக்க வேண்டும், அந்தச் சூட்டை இரண்டு மடங்கு தூரம் கொண்டுபோகவும் வேண்டும். ஆக, நாலு மடங்கு நேரம். தேவாலயக் கணப்பின் சுவருக்குப் பதினாறு மணி நேரம்.

ஒன்பதிலிருந்து பின்னால் எண்ணினாள். சனி மாலை ஐந்து. மாலை ஜெபத்துக்கு இலாரியே எப்படியும் கதவு திறக்கும் நேரம்.

"ஒரு செங்கல்லையும் அசைக்க வேணாம் அண்ணே. ஜெபத்துக்கு மணி அடிச்ச கையோட தீயை மூட்டுங்க."

"முந்தின நாளேவா? நாளைக்கு மத்தியானக் கஞ்சிக்கு இன்னிக்கே கரண்டி பிடிக்கற மாதிரில்ல இருக்கு?"

"மூட்டுங்க. சுடலைன்னா கடப்பாரையை நானே எடுத்துட்டு வரேன்."

ஞாயிறு ஒன்பது மணி. முன்வரிசைப் பெண்கள் கோட்டைக் கழற்றினார்கள். பிறகு ஒவ்வொருவராக எல்லோரும். கணப்புச் சுவரில் சாய்ந்திருந்த இலாரியே சூடு தாங்காமல் துள்ளி விலகினார்.

"அன்னிக்கு எட்டுன்னு சொன்னியே?"

"அது தப்பு. பதினாறுதான் சரி."

"தப்பை இவ்வளவு திமிரா ஒத்துக்கறவளை இப்பத்தான் பாக்கறேன்."

வர்வாரா தன் கோட்டையும் கழற்றி, வேண்டுமென்றே அவர் கையில் கொடுத்தாள். பூசை முடியும்வரை இலாரியே அதைப் பிடித்துக்கொண்டு நின்றார்.