நாற்பது எண்ணினால் வெந்தயம்

போன ஞாயிறு எங்கள் படூர் ஃபிளாட்டில் வெந்தயம் கருகியது. இதெல்லாம் ஒரு விஷயமா என்று கேட்காதீர்கள். அடுப்பருகே நின்றது என் அம்மா.

மூன்று தலைமுறையாகச் செங்கல்பட்டில் இருந்த தெலுங்குக்காரர்கள் நாங்கள். என் மகள் காலத்தில் வீட்டுக்குள்ளும் தமிழ்தான். தெலுங்கு மிச்சம் இருப்பது சாப்பாட்டில் மட்டும். புளிச்சகீரையை நாங்கள் கோங்கூரா என்போம். அதில் வெந்தயம் வறுத்துப் போட்டு அம்மா துவையல் மாதிரி அரைக்கும் பச்சடி இருந்தால் எங்கள் வீட்டில் வேறு குழம்பு கேட்க மாட்டோம்.

ஆனால் ஒன்று. சாமிக்குப் படைக்கும் முன் எதையும் வாயில் வைத்துப் பார்க்க மாட்டாள். மூக்குதான் எல்லாம். பக்குவம் கேட்டால், "வாசனை வந்தா எறக்கிடு" என்பாள். எந்த வாசனை? அதை எப்படி எழுதி வைப்பது?

அதனால்தான் என் மகள் மொபைலில் வீடியோ எடுக்கக் கிளம்பினாள். வாணலியில் வெந்தயம் விழுந்ததும், "எத்தனை ஸ்பூன் அம்மம்மா?" என்றாள். அம்மா திரும்பிப் பதில் சொன்னாள். கொஞ்ச நேரத்தில் ஹாலில் இருந்த எனக்கே கருகல் நெடி மூக்கில் ஏறியது... அம்மா அசையவில்லை.

"அம்மா, கருகுது."

அடுப்பை அணைத்தாள். என் முகத்தைப் பார்க்கவில்லை. "பொங்கலப்ப ஜுரம் வந்துச்சே, அதுலேர்ந்து ஒரு வாசனையும் தெரில. எண்ணிக்கினேதான் வறுக்கறேன். நாப்பது. இவ கேட்டதுல வுட்டுட்டேன்."

"ஏம்மா சொல்லல?"

"சொன்னா அடுப்பாண்ட வுடுவியா?"

இத்தனை மாதமாக நாங்கள் சப்புக்கொட்டியது வெறும் எண்ணிக்கைக்கா? மறுநாளே அம்மாவுடன் டாக்டரிடம் ஓடினேன். வாசனை போனால் ருசியும் பாதி போய்விடும், திரும்பலாம், திரும்பாமலும் போகலாம் என்றார். இதற்கு நான் என்ன செய்ய?

மகளுக்கு மட்டும் ஒரே குஷி. "நாப்பதா? இப்பதான்மா கரெக்டா ஒரு அளவு கெடைச்சிருக்கு." நோட்டில் எழுதிக்கொண்டாள்.

நேற்று நானே வறுத்தேன். அதே வாணலி, அதே அடுப்பு. முப்பத்திரண்டிலேயே வாசனை வந்துவிட்ட மாதிரி இருந்தது. நாற்பது வரை நிற்பதா, மூக்கை நம்புவதா? பயத்தில் முப்பத்தைந்தில் இறக்கிவிட்டேன்.

படைத்த பிறகு அம்மா ஒரு கவளம் பிசைந்து சாப்பிட்டாள். பிறகு, வாழ்க்கையில் முதல் தடவையாக, சமையலைப் பற்றி என்னைக் கேட்டாள்: "சரியா வந்துகீதா?"

வந்திருக்கும்மா என்றேன். அதை நான் யாரைக் கேட்டு உறுதி செய்துகொள்வது?