அழைப்பில்லாத நாள்

மனைவியை அடக்கம் செய்துவிட்டு மெத்தோதி மறுபடி பஸ் ஓட்ட வந்த முதல் காலையில், ஸ்டீயரிங்குக்குப் பக்கத்தில் ஒரு பொட்டலம் இருந்தது. பிரித்துப் பார்த்தார். பாலாடைக்கட்டி வைத்து அடுக்கடுக்காகச் சுட்ட பனித்ஸா. சூடு இன்னும் ஆறவில்லை. யார் வைத்தது என்று யாரையும் கேட்க வேண்டியதில்லை. அவருக்கு முன்னால் பஸ்ஸில் ஏறுகிறவள் வழிகாட்டி பெத்கானா ஒருத்திதான். அவள் முன்சீட்டில் உட்கார்ந்து மைக்கின் ஒயரைச் சிக்கெடுத்துக்கொண்டிருந்தாள். அவர் ஏதோ சொல்ல வாயெடுத்ததும், "அண்ணே, ரெண்டாவது ஹோட்டல் வாசல்ல லாரி நிக்குது, பின்பக்கமா போயிடுங்க" என்று பேச்சை மாற்றிவிட்டாள். அந்தக் கோடை முழுக்கப் பொட்டலம் வந்தது. அதைப் பற்றி அவள் ஒரு வார்த்தை பேசியதில்லை, அவரையும் பேச விட்டதில்லை.

கருங்கடல் கரையில் இருக்கிற விடுதிகளில் விடியற்காலையில் ஆட்களை ஏற்றிக்கொண்டு, மலை தாண்டி, பழைய ராஜாக்கள் இருந்த தர்னோவோ நகரத்துக்குக் கூட்டிப்போய், பொழுது சாய்கிற நேரத்துக்குத் திரும்பக் கொண்டுவந்து விடுவது அவர்கள் இருவரின் வேலை. பெத்கானா ஒரு காலத்தில் அதே விடுதிகளில் அறை துடைத்தவள். கணவன் பாதியில் விட்டுப் போனவன். துடைப்பமும் கையுமாகப் போலந்துக்காரர்களிடம் பேசிப் பேசி அவர்கள் பாஷையைப் பிடித்துக்கொண்டாள். அந்தப் பேச்சை வைத்தே மைக்கைக் கையில் வாங்கினாள், மகளையும் ஒற்றை ஆளாக வளர்த்து ஸ்பெயினில் கட்டிக் கொடுத்தாள்.

கோட்டை வாசலில் இறங்கியதும் அவள் முதலில் பார்ப்பது எல்லாருடைய செருப்பையும்தான். வழுக்குகிற செருப்பு போட்ட கிழவிகளைத் தன் கையோடு சேர்த்துக்கொள்வாள். எந்த ராஜா எந்த வருஷம் என்று சிலர் அவசரப்படுத்துவார்கள். "ராஜாங்க எல்லாரும் செத்து ரொம்ப நாளாச்சு, எங்கேயும் ஓடிட மாட்டாங்க. நீங்க முதல்ல தண்ணி குடிங்க" என்பாள். வழியில் கோவில் தென்பட்டால் பேசிக்கொண்டே சிலுவை போட்டுக்கொள்வாள். அவள் பேச்சை ஒரே பாதையில் நூறு தடவை கேட்டிருந்தும் மெத்தோதிக்கு அலுத்ததில்லை.

மெத்தோதிக்கு அந்த நகரத்தில் ஒரு முள் இருந்தது. அவருடைய கூடப் பிறந்த அண்ணன் பனாயோத், ஆற்றைப் பார்த்த சரிவில், வீட்டின் மேல் வீடாக அடுக்கிய பழைய தெருவில் இருந்தார். பஸ் நிற்கிற இடத்திலிருந்து அண்ணன் வீட்டுக் கூரை தெரியும். ஆனால் அந்த வாசலை அவர் மிதித்துப் பல வருஷம் ஆகிவிட்டது. அண்ணன் மகளின் கல்யாணத்துக்கு மெத்தோதி தன் கையால் காய்ச்சிய ராக்கியா சாராயத்தைக் கொண்டுபோயிருந்தார். பனாயோத் ஒரு வாய் குடித்துவிட்டு, சம்பந்தி வீட்டார் எல்லாரும் கேட்க, இது பஸ் கண்ணாடி துடைக்கத்தான் ஆகும் என்றார். எல்லாரும் சிரித்தார்கள். மெத்தோதி எழுந்து நின்று, இனி நீயாக வாய் திறந்து அழைத்தாலொழிய உன் வாசலை மிதிக்க மாட்டேன் என்றார். அழைக்கிறவனைப் போய்ப் பாரு என்றார் அண்ணன். அதோடு சரி. இவர் அழைப்புக்குக் காத்திருந்தார், அவர் அழைக்கவில்லை. மெத்தோதியின் மனைவி சாவுக்குப் பனாயோத் வந்து, சவப்பெட்டியைத் தோளில் தூக்கினார், மண் போட்டார், ஒரு சொல் பேசாமல் போய்விட்டார்.

இப்போது மெத்தோதியின் பிள்ளைகள் இருவரும் ஜெர்மனியில். வீட்டில் ஆள் இல்லை. சாயங்காலம் பஸ்ஸைக் கழுவிவிட்டு வீட்டுக்குப் போக மனசில்லாமல் இன்னொரு தரம் கழுவுவார். அண்ணன் ஒருவர்தான் மிச்சம், அவரும் கிழவராகிக்கொண்டு வந்தார்.

ஆகஸ்டில் மாதா திருநாள் வரும். மாதாவின் பெயரையொட்டி மரியா, மரியான், பனாயோத் என்று பெயர் வைத்த எல்லாருக்கும் அன்றைக்குத்தான் பெயர்நாள். பிறந்தநாளுக்கு ஆட்களை அழைப்பார்கள், பெயர்நாளுக்கு யாரையும் அழைப்பதில்லை. நினைவு வைத்திருக்கிறவர்கள் தாங்களாக வருவார்கள். வந்தவரைத் திருப்பி அனுப்புகிற வீடு அந்த நாட்டில் கிடையாது. அந்த ஒரு நாள் மட்டும் தர்னோவோ பக்கம் தலைகாட்டாமல் இருக்க, மெத்தோதி வருஷா வருஷம் இன்னொரு டிரைவரோடு வேலையை மாற்றிக்கொள்வார். அந்த டிரைவர் ஓய்வு பெற்றுவிட்டார். புதிதாக வந்தவன் பெயர் மரியான். அவனுக்கும் அன்றைக்குப் பெயர்நாள்! அவன் வீட்டில் ஆட்டுக்குட்டி வாங்கிக் கட்டியாகிவிட்டது. மாற்றிக்கொள்ள ஆள் இல்லை.

அன்று பஸ் நிறைய போலந்துக் கிழவர்களும் கிழவிகளும். அவர்களுக்கும் அது மாதா திருநாள்தான். மலை உச்சியில் பஸ் நின்றபோது இறங்கி, அவர்கள் ஊர் வழக்கப்படி காட்டுப் பூவும் வாசனைத் தழையும் பறித்து ஆளுக்கொரு கொத்தாகக் கட்டிக்கொண்டார்கள். அப்போது பெத்கானா அவர் பக்கத்தில் வந்து நின்று, ஏன் முகம் இப்படி இருக்கிறது என்று கேட்டாள். அவர் சொல்லிவிட்டார். கல்யாணம், சாராயம், சபதம் எல்லாம். மனைவி சாகும் முன் அண்ணனிடம் போய்ப் பேசச் சொன்னதையும் சொன்னார். அவன் அழைக்கவில்லையே, நான் எப்படிப் போவேன் என்று முடித்தார்.

பெத்கானா ஒரு கிழவியின் பூங்கொத்தை இறுக்கிக் கட்டிக் கொடுத்துவிட்டுத் திரும்பினாள்.

"அண்ணே, இன்னைக்கு அவர் வேற யாரையாவது கூப்பிட்டிருக்காரா?"

"இல்ல. பேர்நாளுக்கு யாரு கூப்பிடுவா?"

"ஒருத்தரையுமே கூப்பிடாத நாள்ல, என்னைக் கூப்பிடலைன்னு நீங்க மட்டும் எப்படிக் கோவிச்சுக்க முடியும்?"

மெத்தோதி, தான் சொன்ன சொல் இருக்கிறதே என்று முனகினார். அந்தச் சொல்லைக் கல்யாணத்தில் சொன்னீர்கள், இன்றைக்குக் கல்யாணம் இல்லை என்று சொல்லிவிட்டு அவள் ஆட்களைக் கூப்பிடப் போய்விட்டாள்.

கோவிலில் பூசை பார்த்து, கோட்டை ஏறி இறங்கி, மதியச் சாப்பாடு முடிந்ததும், ஊர் சுற்ற எல்லாருக்கும் இரண்டு மணி நேரம் விட்டாள். மைக்கை எடுத்து, கடைக்குப் போகிறவர்கள் போகலாம், பெயர்நாள் வீட்டுக்கு வருகிறவர்கள் என்னோடு வரலாம் என்றாள். யாருடைய வீடு என்று ஒருவரும் கேட்கவில்லை. பாதிப் பஸ்ஸுக்கு மேல் எழுந்து நின்றது.

மெத்தோதி தெருமுனையில் பூக்காரியிடம் டேலியா வாங்கினார். அவசரத்தில் அவளிடம் இருந்ததை அப்படியே அள்ளிக்கொண்டார். பெத்கானா எண்ணிப் பார்த்தாள். ஆறு. இரட்டைப் படையில் பூ கல்லறைக்குத்தான் கொண்டுபோவார்கள். "அண்ணனைப் புதைக்கவா போறீங்க?" என்று சொல்லிக்கொண்டே ஒன்றை உருவி, பக்கத்தில் மூச்சு வாங்கிக்கொண்டு நின்ற ஹலினா என்ற கிழவியின் தொப்பியில் செருகினாள். கிழவி அதற்கப்புறம் கழுத்தை நிமிர்த்திக்கொண்டே நடந்தாள்.

வாசல் கதவு திறந்துதான் இருந்தது. பெத்கானா முன்னால் போனாள். முற்றத்தில் மேஜை போட்டு, உறவும் அண்டை வீடும் உட்கார்ந்திருந்தார்கள். பனாயோத் எழுந்தார். முன்பின் தெரியாத இருபது பேர் காட்டுப் பூவும் கையுமாக நிற்பதைப் பார்த்து, அவர் வாய் கொஞ்சம் திறந்தபடி இருந்தது. நூறு வருஷம் வாழ வேண்டும் என்று அவர்கள் தங்கள் பாஷையில் வாழ்த்தினார்கள். பெத்கானா, பெயர்நாளுக்கு வந்திருக்கிறோம், ரொம்ப தூரத்திலிருந்து வருகிறோம் என்றாள். அதற்கு மேல் எந்த வீட்டுக்காரன் என்ன கேட்பான்? அண்ணி ஸ்வெதானா உள்ளே ஓடி நாற்காலியும் பெஞ்சும் இழுத்துப் போட்டாள். தர்பூசணியை இரண்டாகப் பிளந்தார்கள். ஹலினா தன் மூலிகைக் கொத்தை அண்ணியின் கையில் கொடுத்துக் கன்னத்தில் முத்தம் வைத்தாள்.

எல்லாரும் உட்கார்ந்த பிறகுதான் கதவோரம் நின்ற மெத்தோதி தெரிந்தார். மேஜையைச் சுற்றியிருந்த உறவுக்காரர்கள் பனாயோத்தைத் திரும்பிப் பார்த்தார்கள். மெத்தோதி உள்ளே வந்தார். நிலைப்படியைத் தாண்டும்போது, தன் மனைவி பின்னால் நின்று தள்ளுவது போல இருந்ததாகப் பின்னாளில் பெத்கானாவிடம் சொன்னார். அண்ணனிடம் பூவை நீட்டினார். பனாயோத் வாங்கிக்கொண்டார். கண் தாழ்த்தி எண்ணினார். ஐந்து. தண்ணீர்ச் சாடியில் வைத்தார்.

பிறகு பனாயோத் ராக்கியா புட்டியை எடுத்து ஒவ்வொரு கோப்பையாக ஊற்றிக்கொண்டு வந்தார். தம்பியிடம் வந்ததும் கை நின்றது, பிறகு புட்டி மறுபடி சாய்ந்தது. மெத்தோதி கோப்பையின் வாயை உள்ளங்கையால் மூடினார்.

பெயர்நாள் வீட்டில் ஊற்றுகிறதை மறுப்பது முகத்தில் அடிப்பது மாதிரி. அதுவும் இந்த இருவருக்குள், அதுவும் சாராயத்தை. பனாயோத்தின் காது சிவந்தது. அண்ணி கையில் இருந்த தட்டை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றாள். எல்லாம் போச்சு என்று மெத்தோதிக்குத் தோன்றியது. ஆனாலும் கையை எடுக்கவில்லை. அவர் பெத்கானாவைப் பார்த்தார். அவளோ சமாதானம் பேச எழவில்லை. நிதானமாக ஒரு தர்பூசணித் துண்டைக் கடித்துக்கொண்டு, "வண்டி ஓட்டணும்ல" என்று மட்டும் சொன்னாள், யாரிடமோ சொல்வது போல.

பனாயோத் புட்டியை நிமிர்த்தினார். தம்பியையும் போலந்துக் கிழவிகளையும் மாறி மாறிப் பார்த்தார்.

"இவங்களையெல்லாம் நீயா கொண்டுபோய் விடணும்?"

"ஆமா."

"அப்போ குடிக்காத." கோபம் இன்னும் குரலில் இருந்தது. "ஞாயித்துக்கிழமை பஸ் இல்லாம வாடா. குடிக்காம நீ எப்படி எந்திரிக்கிறேன்னு பாத்துடறேன்."

தான் என்ன சொன்னோம் என்று அவருக்கே அப்போது தெரியவில்லை. தம்பியை வாய் திறந்து அழைத்துவிட்டார் என்று மேஜையில் இருந்த உறவுக்காரர்களுக்குத் தெரிந்தது. அண்ணி தட்டைக் கீழே வைத்துவிட்டுச் சிலுவை போட்டுக்கொண்டாள். மெத்தோதி கோப்பையின் மேலிருந்து கையை எடுத்தார்.

"நான் காய்ச்சினதைக் கொண்டுவரவா?"

"கொண்டா," என்றார் பனாயோத். "ஜன்னல் கண்ணாடியெல்லாம் அழுக்கா கெடக்கு."

முதலில் சிரித்தது மெத்தோதிதான். விஷயம் ஒன்றும் புரியாமல் போலந்துக்காரர்களும் சிரித்தார்கள். பனாயோத் தம்பியின் பிடரியைப் பிடித்து உலுக்கிவிட்டு, பக்கத்தில் உட்காரவைத்து, அவர் தட்டில் குடமிளகாயும் இறைச்சியும் குவித்தார்.

திரும்பும் வழியில் பெத்கானா ஆட்களை எண்ணினாள், வெயில் படுகிற பக்கம் திரையை இழுத்துவிட்டாள், ஹலினாவுக்குத் தலை சாய்த்துக்கொள்ளத் தன் மேல்சட்டையைச் சுருட்டிக் கொடுத்தாள். மலை இறங்கும்போது மெத்தோதி மெதுவாக நன்றி சொன்னார். இன்றைய புண்ணியமெல்லாம் மாதாவுக்கு, நீங்கள் வளைவைப் பார்த்து ஓட்டுங்கள் என்றாள்.

ஞாயிற்றுக்கிழமை அவர் போனார். அதற்கப்புறம் ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் வீட்டில் இருந்ததே இல்லை.

அடுத்த வருஷம் கோடை முடிந்து விடுதிகள் கதவடைத்தபோது, பெத்கானாவின் மகள் ஸ்பெயினிலிருந்து டிக்கெட் அனுப்பிவிட்டாள். பேரன் பிறந்திருந்தான், பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும். இனி திரும்பி வருகிற எண்ணம் இல்லை. விமான நிலையத்துக்கு அவளை மெத்தோதிதான் கொண்டுபோய் விட்டார். அன்றைக்கு அவருடைய சீட்டுக்குப் பக்கத்தில் பொட்டலம் இல்லை. அவர்தான் கடையில் பனித்ஸா வாங்கி, காகிதத்தில் சுற்றி, அவள் மடியில் வைத்தார். அவள் பிரித்து முகர்ந்து பார்த்துவிட்டு, பாலாடைக்கட்டி காணாது, மாவுதான் இருக்கு என்று குறை சொன்னாள். ஆனாலும் வழியிலேயே முழுதும் தின்று முடித்தாள்.

உள்ளே போகும் முன், பெட்டியைத் தரையில் வைத்துவிட்டுத் திரும்பினாள்.

"அக்டோபர்ல புனித பெத்கா நாள் வருது, என் பேர்நாள். உங்கள நான் கூப்பிட மாட்டேன். ரொம்ப தூரம்னு மட்டும் சொல்லாதீங்க அண்ணே, நீங்க டிரைவர்தானே."